பீங்கான்மேல் ஓடும் நெருப்பு

கடலோர ஊர்களில் மின்சாரம் நிற்பதற்குப் புயல் வர வேண்டியதில்லை. தை, மாசியில் காற்று அடங்கிப் பனி இறங்கிய ஒரு விடியற்காலை போதும். பழவேற்காடு ஏரியை ஒட்டியும் கடலுக்கு எட்டும் தூரத்திலும் இருக்கிற கோட்டைக்குப்பம் போன்ற ஊரில், அந்த நேரத்தில் மின்கம்பத்தை அண்ணாந்து பார்த்தால் சில நாள் மேலிருந்து ஒரு மெல்லிய சீறல் கேட்கும். இருட்டு விலகாமல் இருந்தால், கம்பியைத் தாங்கும் பீங்கானின் இடுக்கில் ஊதா நிறத்தில் ஏதோ மினுங்குவதும் தெரியும். அந்த ஊதா மஞ்சளாகும், நீளும், பட்டென்று ஒரு சத்தம் வரும். தெரு முழுக்க விளக்கு அணைந்துவிடும். வெயில் ஏறியபின் லைன்மேன் வந்து பார்க்கும்போது கம்பி அறுந்திருக்காது, மரக்கிளை விழுந்திருக்காது. பீங்கான்கூடப் பெரும்பாலும் முழுசாகவே இருக்கும். "ஃபிளாஷ் ஓவர் ஆயிருக்கு" என்று அவர் சொல்வார்.

அந்தச் சொல்லுக்குப் பின்னால் ஒரு பெரிய கதை இருக்கிறது. மின்னிறக்கம் என்று பொதுவாகச் சொல்லப்படுவதில் கொரோனா உண்டு, ஸ்பார்க் உண்டு, ஆர்க் உண்டு, ஃபிளாஷ் ஓவர் உண்டு, பஞ்சர் உண்டு. கீழே நிற்கும் நமக்கு எல்லாமே நெருப்புப் பொறிதான். கம்பத்தில் ஏறுபவருக்கு இவை ஒவ்வொன்றும் தனித்தனி வேலை. எது நடந்தது என்று தெரிந்தால்தான் துடைத்துவிட்டு இறங்கலாமா, கழற்றி மாற்ற வேண்டுமா என்பது தெரியும்.

எல்லாவற்றுக்கும் அடிப்படை காற்றுதான். காற்று மின்சாரத்தைக் கடத்தாது என்று பள்ளியில் படிக்கிறோம். அது உண்மைதான், ஒரு எல்லைவரைக்கும். விண்வெளியிலிருந்து வரும் கதிர்களும் மண்ணிலுள்ள கதிரியக்கமும் சேர்ந்து, நம்மைச் சுற்றியுள்ள ஒவ்வொரு கன சென்டிமீட்டர் காற்றிலும் நொடிக்குச் சில எலெக்ட்ரான்களைத் தளர்த்திவிட்டுக்கொண்டே இருக்கின்றன. அவை உடனே ஏதாவதொரு மூலக்கூறில் ஒட்டிக்கொள்வதால் நமக்கு ஒன்றும் தெரிவதில்லை. ஆனால் மின்புலம் ஒரு சென்டிமீட்டருக்குச் சுமார் 30,000 வோல்ட் என்ற அளவை எட்டினால் நிலைமை மாறிவிடும். தளர்ந்த எலெக்ட்ரான் வேகம் பிடித்து, எதிர்ப்படும் மூலக்கூறை மோதி இன்னொரு எலெக்ட்ரானை உடைத்தெடுக்கிறது. ஒன்று இரண்டாகிறது, இரண்டு நான்காகிறது. இப்படி 27 முறை இரட்டித்தால் 13 கோடியைத் தாண்டிவிடும். பத்துக் கோடி எலெக்ட்ரான்கள் ஒரே முனையில் குவிந்தால் அந்தக் குவியலின் மின்புலமே முன்னாலுள்ள காற்றைப் பிளக்கத் தொடங்குகிறது. அதன்பின் அது தன் வழியைத் தானே போட்டுக்கொண்டு ஓடும். 1940ஆம் ஆண்டையொட்டி ராதர், மீக், லோப் ஆகிய இயற்பியலாளர்கள் கணக்கிட்டுச் சொன்ன விஷயம் இது. இத்தனையும் நடந்து முடிய ஒரு நொடியின் கோடியில் சில பங்கு நேரம் போதும்.

மின்புலம் எல்லா இடத்திலும் ஒரே மாதிரி இருப்பதில்லை. கூர்மையான இடத்தில் குவியும். கம்பியின் முறிந்த இழை, ஆணியின் நுனி, பீங்கானும் இரும்பும் சந்திக்கிற விளிம்பு ஆகிய இடங்களில் காற்று முதலில் தோற்கிறது. அரை அங்குலம் தள்ளிப் போனால் மறுபடி கடத்தாத பழைய காற்றுதான். இப்படி நுனியைச் சுற்றி மட்டும் காற்று உடைந்து, எதிர்ப்பக்கத்தைத் தொட முடியாமல் அங்கேயே நிற்பதுதான் கொரோனா. அந்த ஊதா நிறம் காற்றிலுள்ள நைட்ரஜனுடையது. சீறல், நொடிக்கு 100 முறை திசை மாறும் நம் மின்சாரத்தின் ஒவ்வொரு அரைச் சுற்றிலும் காற்று உடைந்து மறுபடி ஆறுவதால் வருவது. கூடவே மூக்கில் ஏறும் ஒரு வாடை, ஓசோன். அமெரிக்கப் பொறியாளர் பீக், 1911இலேயே கம்பியின் தடிமனையும் காற்றின் அடர்த்தியையும் வைத்து கொரோனா எப்போது தொடங்கும் என்று கணக்குப் போட வழி சொன்னார். இன்றைக்கும் அந்தச் சூத்திரத்தைப் பயன்படுத்துகிறார்கள். பெரிய கோபுரங்களில் ஒரு கம்பிக்குப் பதிலாக இரண்டு, நான்கு கம்பிகளைச் சேர்த்து இழுத்திருப்பதற்கு அதுவும் ஒரு காரணம். கட்டாகச் சேர்ந்த கம்பிகள் மின்புலத்தின் கண்ணுக்கு ஒரு தடித்த கம்பியாகத் தெரிகின்றன.

உடைந்த காற்று எதிர்ப்பக்கத்தைத் தொட்டுவிட்டால் அது ஸ்பார்க். தொட்ட வழி அணையாமல் நின்று, பல ஆயிரம் டிகிரிக்குச் சூடாகி, பெருமின்னோட்டம் பாயத் தொடங்கினால் ஆர்க். இதுவரை சொன்னது நடுக்காற்றில் நடப்பது. கோட்டைக்குப்பத்துக் கம்பத்தில் நடப்பது பீங்கானின் மேற்பரப்பை ஒட்டி நடக்கிறது. அதுதான் இந்தக் கரையின் விசேஷம்.

ஒரு கணக்குப் பார்க்கலாம். ஊருக்குள் டிரான்ஸ்பார்மர்வரை வருவது 11,000 வோல்ட் லைன். அதில் ஒரு கம்பிக்கும் தரைக்கும் இடையே உச்சத்தில் இருப்பது சுமார் 9,000 வோல்ட். சென்டிமீட்டருக்கு 30,000 வோல்ட் தாங்கும் காற்றில் அதைத் தடுக்கச் சில மில்லிமீட்டர் இடைவெளி போதும் என்று கணக்கு சொல்கிறது. ஆனால் கம்பத்திலிருக்கும் பீங்கானின் மேல் நுனியிலிருந்து அடி இரும்புவரை, மடிப்புகளின் மேலும் கீழுமாக ஒரு எறும்பு ஊர்ந்து போனால் நடக்க வேண்டிய தூரம் 20 சென்டிமீட்டருக்கும் மேல். காற்றுக்குத் தேவையானதைவிட அறுபது எழுபது மடங்கு நீளமான பாதை. அப்படியிருந்தும் அந்தப் பனிக்காலைகளில் அது போதாமல் போகிறது. வோல்டேஜ் கூடவில்லை, பீங்கான் கெடவில்லை. மாறியது மேற்பரப்பு மட்டும்தான்.

அதை மாற்றுவது உப்பு. அலை கரையில் உடையும்போது நுரைக்குள் சிக்கிய காற்றுக் குமிழ்கள் ஒவ்வொன்றாக வெடிக்கின்றன. குமிழின் மெல்லிய தோல் சிதறும்போது கண்ணுக்குத் தெரியாத நுண்துளிகள் பறக்கின்றன. குமிழ் இருந்த குழியிலிருந்து ஒரு சின்னத் தாரை மேலே எழும்பி, அதுவும் துளியாகப் பிரிகிறது. பிற்பகலில் கடற்காற்று ஏறும்போது இந்தத் துளிகள் ஊருக்குள் வருகின்றன. வழியிலேயே நீர் காய்ந்து உப்பாகின்றன. கரையிலிருந்து முதல் சில கிலோமீட்டருக்குள்தான் பெரும்பகுதி படியும். ஜன்னல் கம்பி, சைக்கிள் சங்கிலி, வீட்டு ஆணி எல்லாவற்றையும் துருவாக்குகிற அதே உப்பு, தினம் ஒரு பூச்சாகப் பீங்கான்மேலும் ஏறுகிறது. ஐப்பசி, கார்த்திகையின் வாடைமழை அதை ஓரளவு கழுவிவிடும். ஆனால் பீங்கான் தட்டின் அடிப்பக்க வளையங்களுக்குள் மழை நுழைவதில்லை. அங்கே படிந்தது அங்கேயே தங்கும். மழை நின்ற மார்கழிக் கடைசியிலிருந்து அடுத்த பெருமழைவரை மேல்பக்கத்திலும் கணக்கு ஏறிக்கொண்டே போகும். ஒரு சதுர சென்டிமீட்டரில் 0.3 மில்லிகிராம் உப்பு இருந்தாலே மின்பொறியாளர்கள் கடுமையான மாசு என்று எடுத்துக்கொள்வார்கள். விரலால் தடவினால்கூட அவ்வளவாகத் தெரியாத அளவு அது.

காய்ந்த உப்பால் கெடுதல் இல்லை. காய்ந்த உப்பு மின்சாரத்தைக் கடத்தாது. எந்த அடுக்களையிலும் உப்பு ஜாடி சில நாள் கசிந்து ஈரமாகிவிடுவதைப் பார்த்திருப்போம். உப்புப் போட்டு உலர்த்திய கருவாடு பனிக்காலையில் பிசுபிசுப்பதும் அதுவே. காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் சாதாரண உப்பு காற்றிலிருந்து நீரை இழுத்து, அந்த நீரிலேயே கரையத் தொடங்கும். கடல் உப்பில் மக்னீசியம் குளோரைடும் கலந்திருக்கிறது. அது 33 சதவீத ஈரப்பதத்திலேயே நீர் இழுக்கும். ஆகவே கடற்கரைப் பீங்கான் மற்ற இடத்துப் பீங்கானைவிட முந்தியே நனையும். போதாததற்கு, திறந்த வானத்தின் கீழிருக்கும் பீங்கான் இரவில் வெப்பத்தை மேலே விட்டு, சுற்றியுள்ள காற்றைவிடக் குளிர்ந்துபோகிறது. பனி நேராக அதன்மேல் இறங்குகிறது. பெருமழை என்றால் உப்பைக் கழுவிக்கொண்டு போயிருக்கும். பனி கழுவாது. உப்பைக் கரைத்து அங்கேயே வைத்திருக்கும்.

இனி அந்த ஒரு பீங்கானைக் கிட்டத்தில் பார்க்கலாம். அதன் உடம்பெல்லாம் இப்போது மெல்லிய உப்புநீர்ப் படலம். அதன் வழியே சில மில்லி ஆம்பியர் மின்னோட்டம் கசியத் தொடங்குகிறது. கசிவு படலத்தைச் சூடாக்குகிறது. பீங்கானின் இடுப்புப் போன்ற ஒடுங்கிய இடத்தில் மின்னோட்டம் நெருக்கியடித்துப் போவதால் அங்கே சூடு அதிகம். நீர் முதலில் அங்கே ஆவியாகி, ஒரு வளையம்போலக் காய்ந்துவிடுகிறது. வியப்பான திருப்பம் இங்கேதான் வருகிறது. காய்ந்தால் நல்லது என்றுதான் தோன்றும். ஆனால் மற்ற இடமெல்லாம் கடத்துகிற நீராக இருக்க, கடத்தாத இடம் அந்த மெல்லிய வளையம் மட்டும். மொத்த வோல்டேஜும் அந்த வளையத்தின்மேல் வந்து விழுகிறது. 20 சென்டிமீட்டர் பாதை பங்கிட்டுத் தாங்கிய சுமையை இப்போது அந்த வளையம் மட்டும் தாங்க வேண்டும். அதைத் தாண்டிக் காற்று உடைகிறது. ஊதாவாக மினுங்கியது அந்த உடைப்புதான்.

பெரும்பாலான காலைகளில் இது இத்தோடு நிற்கும். பொறி வளையத்தை அகலமாகக் காயவைத்துவிட்டு, தாண்ட முடியாமல் அணையும். பனி மறுபடி நனைக்கும், மறுபடி காயும், மறுபடி மினுங்கும். சூரியன் வந்தால் எல்லாம் அடங்கிவிடும். உப்பு அதிகமாக இருந்து, கசிவும் அதற்கேற்பப் பெருகினால், பொறி அணைவதற்குப் பதில் ஈரத்தின்மேல் கால் வைத்து முன்னேறுகிறது. அடுத்த மடிப்பு, அதற்கடுத்த மடிப்பு என்று தாவி, கம்பியையும் அடி இரும்பையும் இணைத்துவிடுகிறது. அதுதான் ஃபிளாஷ் ஓவர். பீங்கானைத் துளைக்காமல், அதன் உடம்பைச் சுற்றிக்கொண்டு மின்சாரம் தரைக்குப் போன நிகழ்ச்சி. துணை மின்நிலையத்தில் பிரேக்கர் உடனே திறந்துகொண்டு லைனை நிறுத்துகிறது. "லைன் ட்ரிப் ஆயிடுச்சு" என்பது இந்த இடம்.

பஞ்சர் என்பது வேறு. பீங்கானின் உள்ளேயே விரிசலோ நுண்துளையோ இருந்து, மின்சாரம் அதன் வயிற்றைத் துளைத்துக்கொண்டு போவது அது. பஞ்சரான பீங்கான் இனி உதவாது. வெளியே ஒரு மயிரிழைக் கோடுகூடத் தெரியாமல் இருக்கும், அதனால் கண்டுபிடிப்பதும் கஷ்டம். ஃபிளாஷ் ஓவர் ஆன பீங்கானோ, ஆர்க்கின் சூடு உடைக்காமல் விட்டிருந்தால், பளபளப்பில் ஒரு கருந்தடம் மட்டும் வாங்கிக்கொண்டு பிழைத்துக்கொள்ளும். துடைத்தால் திரும்ப வேலை செய்யும். மின்னல் தாக்கி ஃபிளாஷ் ஓவர் ஆனால் பிரேக்கர் ஒரு நொடி கழித்துத் தானே மூடி மின்சாரம் தரும், காரணம் அதற்குள் மறைந்துவிட்டிருக்கும். உப்பால் ஆனால் மூடிய வேகத்தில் மறுபடி திறக்கும், ஏனென்றால் உப்பும் ஈரமும் அங்கேயே இருக்கின்றன. விளக்கு வந்து, போய், வந்து, ஒரேயடியாகப் போவதை வீட்டிலிருந்து பார்ப்பவர்கள் இதை வைத்தே காரணத்தை ஊகித்துவிடலாம்.

ஏரிக்குத் தெற்கே அத்திப்பட்டு, வல்லூர் பக்கம் போனால் இதே சிக்கல் பெரிய அளவில். வடசென்னை அனல் மின்நிலையம், வல்லூரில் 500 மெகாவாட் வீதம் மூன்று அலகுகள். இரண்டும் கடலிலிருந்து கொஞ்ச தூரத்தில்தான். அங்கிருந்து கிளம்பும் 400 கிலோவோல்ட் லைன்களில் ஒரு கம்பியைத் தாங்க இருபதுக்கும் மேற்பட்ட தட்டுகள் கோத்த மாலை தேவைப்படும். மிகக் கடுமையான மாசுள்ள இடத்தில் ஒவ்வொரு கிலோவோல்ட்டுக்கும் 31 மில்லிமீட்டர் மேற்பரப்புப் பாதை வேண்டும் என்பது உலக அளவில் பொறியாளர்கள் வைத்துக்கொண்ட அளவு. அந்த லைனுக்கான உச்சமான 420 கிலோவோல்ட்டுக்குப் பெருக்கிப் பார்த்தால் 13 மீட்டர் வருகிறது. மூன்று நான்கு மீட்டர் தொங்கும் மாலைக்குள் 13 மீட்டர் பாதையைச் சுருட்டி வைப்பதற்காகத்தான் தட்டுகளின் அடியில் அத்தனை ஆழமான மடிப்புகள். இங்கே உப்போடு நிலக்கரித் தூசியும் சாம்பலும் சேர்கின்றன. சாம்பல் தானாகக் கடத்தாது. ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும். உப்புக்கு அது போதும்.

இதற்கு மருந்துகள் உண்டு. லைனை நிறுத்தித் துணியால் துடைப்பது பழைய வழி. உப்பு நீக்கிய நீரை மெல்லிய தாரையாகப் பீய்ச்சி, மின்சாரம் ஓடும்போதே கழுவுவது இன்னொன்று. தூய நீர் கடத்துவது மிகக் குறைவு என்பதால் அது முடிகிறது. எனக்கு மிகவும் பிடித்தது சிலிக்கோன் ரப்பர். அதன்மேல் நீர் படலமாகப் பரவாது, தாமரை இலையில் நிற்பதுபோல முத்து முத்தாக நிற்கும். படலம் இல்லையென்றால் கசிவு இல்லை, கசிவு இல்லையென்றால் காய்ந்த வளையமும் இல்லை. இன்னும் அழகான விஷயம், அதன்மேல் உப்பும் தூசியும் படிந்து மூடிவிட்டாலும், ரப்பருக்குள்ளிருக்கும் நுண்ணிய சிலிக்கோன் எண்ணெய் மெல்ல மேலே ஊறி, அந்த அழுக்குக்கும் நீரை ஒட்டவிடாத குணத்தைக் கொடுத்துவிடும்.

நோயை முன்கூட்டியே பார்க்க ஒரு கேமராவும் இருக்கிறது. கொரோனா வெளியிடும் புறஊதாக் கதிரில் ஒரு சிறு பங்கு, 280 நானோமீட்டருக்குக் கீழே இருக்கும். சூரியனிலிருந்து வரும் அந்த அலைநீளத்தை வானத்து உச்சியிலுள்ள ஓசோன் படலம் முழுவதுமாக விழுங்கிவிடுவதால் தரைக்கு அது வருவதே இல்லை. ஆகவே அந்தப் பட்டையை மட்டும் பார்க்கும் கேமராவுக்கு நண்பகல் வெயிலும் இருட்டுத்தான். அந்த இருட்டில் கொரோனா மட்டும் வெள்ளைப் பூவாகத் தெரியும்.

இந்தக் கருவிகளெல்லாம் பெரிய கோபுரங்களுக்குத்தான் முதலில் போகின்றன. ஒரு 400 கிலோவோல்ட் லைன் விழுந்தால் நகரமே இருண்டுவிடக்கூடும் என்பதால் அந்த முன்னுரிமை புரிகிறது. ஆனால் பனிக்காலையில் மின்சாரம் போனால் ஐஸ் கிடைக்காமல் இறாலின் விலை இறங்குவது குப்பங்களில்தான். கடலுக்கு மிக அருகே நிற்பதும் குப்பத்துக் கம்பங்கள்தான். கரையிலிருந்து இத்தனை கிலோமீட்டருக்குள் 11 கிலோவோல்ட் லைனிலும் சிலிக்கோன் அல்லது நீண்ட பாதையுள்ள பீங்கான் மட்டுமே என்று ஒரு விதியாக இருக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன். உப்பு வோல்டேஜ் பார்த்துப் படிவதில்லை.

கம்பத்தை விட்டு ஏரிக்குள் போனாலும் கொரோனா பின்தொடர்கிறது. பாய்மரக் காலத்து மாலுமிகள் புயலிரவில் மரத்தின் உச்சியில் நீலச் சுடர் நிற்பதைக் கண்டார்கள். எரியாத, சுடாத அந்தச் சுடரைத் தங்கள் காவல் புனிதரான எல்மோவின் அருள் என்று ஐரோப்பியக் கடலோடிகள் நம்பினார்கள். டச்சுக்காரர்கள் பழவேற்காட்டில் கெல்டிரியா கோட்டையைக் கட்டிய 1613இல் அது கடலோடிகளுக்குப் பழகிப்போன காட்சி. அந்தச் சுடர் கொரோனாதான். நல்ல வானிலையில் தரைக்கு மேல் மீட்டருக்கு 100 வோல்ட் அளவிலிருக்கும் மின்புலம், இடிமேகத்தின் அடியில் பல ஆயிரமாகிவிடும். கூர்மையான எதன் நுனியிலும் காற்று உடையத் தொடங்கும்.

நிலத்தில் புல் நுனி, மர உச்சி, முள் எல்லாம் ஆளுக்குக் கொஞ்சம் கொரோனாவைக் கசியவிட்டு, தரைக்குமேல் மின்னூட்டங்களால் ஒரு போர்வையை விரித்துவிடுகின்றன. அதனால் தரையோரத்தில் மின்புலம் ஒரு அளவுக்குமேல் ஏற முடிவதில்லை. நீர்ப்பரப்பில் நுனிகளே இல்லை. எனவே ஏரிமேல் மின்புலம் நிலத்தைவிட அதிகமாக ஏறும். அத்தனை பரப்பில் மேலே நீண்டிருப்பது ஒரு படகும், அதில் கோலூன்றி நிற்கும் மனிதரும்தான். மேகத்திலிருந்து மின்னலின் முனை இறங்கும்போது தரையிலுள்ள உயரமான பொருள்கள் ஒவ்வொன்றும் ஒரு மின்னிழையை மேலே அனுப்புகின்றன. எது முந்திப் போய்த் தொடுகிறதோ அதன் வழியாக மின்னல் விழும். உடம்பு மயிர் சிலிர்த்து, தோலில் ஊறல் எடுத்தால், உங்கள் தலையிலிருந்தே அந்த இழை கிளம்பத் தயாராகிறது என்று பொருள். அப்போது கோலைக் கீழே போட்டு, படகுக்குள் குறுகிக் குந்துவதைத் தவிர வேறு வழி இல்லை. இந்தியாவில் மின்னல் ஆண்டுக்கு 2,500 பேருக்கும் மேல் உயிரைப் பறிக்கிறது.

ஏரிக்கும் கடலுக்கும் இடையிலுள்ள ஸ்ரீஹரிகோட்டாவில் ராக்கெட்டைச் சுற்றி மின்னல் காப்புக் கோபுரங்கள் நிற்பது இதே காரணத்துக்காக. ராக்கெட் பறக்கும்போதும் ஆபத்து தீர்வதில்லை. அதன் உலோக உடம்பும், பின்னால் நீளும் சூடான புகைவாலும் சேர்ந்து ஒரு மிக நீண்ட ஊசியாகிவிடுகின்றன. மின்னலே இல்லாத மேகத்தில்கூட அது மின்னலை வரவழைக்கும். 1969 நவம்பர் 14 அன்று அப்போலோ 12 கிளம்பிய ஒரு நிமிடத்துக்குள் இரண்டு முறை அப்படி அடிபட்டுத் தப்பியது. 1987 மார்ச் 26 அன்று அமெரிக்காவின் அட்லஸ் சென்டார் ராக்கெட் ஒன்று தப்பவில்லை. அதன்பின் ஏவுதல் விதிகள் கடுமையாயின. ஏவுதளங்களில் தரைமட்ட மின்புலத்தை இடைவிடாமல் அளக்கும் மானிகளை நட்டு வைக்கிறார்கள். முதல் மின்னல் வெட்டுவதற்கு முன்பே மேலே மின்னூட்டம் சேர்வதை அவை காட்டிவிடும்.

மீனவருக்கு அந்த முன்னறிவிப்பு இன்னும் அதிகமாக வேண்டும். முகத்துவாரத்தை ஒட்டிய மீன்பிடி இடங்களைக் கோட்டைக்குப்பமும் பக்கத்துக் குப்பங்களும் முறை வைத்துப் பிரித்துக்கொள்ளும் பாடு என்ற ஏற்பாடு இந்த ஏரியில் தலைமுறைகளாக இருக்கிறது. தன் முறை வருகிற நாளில் வானம் கறுத்தாலும் வலையை விட்டுவிட்டு வர யாருக்கும் மனம் வராது. பத்து நிமிடம் முன்னால் உறுதியாகச் சொல்லும் ஒரு செய்தி இருந்தால் வருவார்கள். புனேயிலுள்ள வெப்பமண்டல வானிலை ஆய்வு நிறுவனம் உருவாக்கிய தாமினி செயலி அருகில் வெட்டும் மின்னலைக் கைபேசியில் காட்டுகிறது. கைபேசியை நனையாமல் பிளாஸ்டிக் உறைக்குள் கட்டி வைத்துக்கொண்டு இடுப்பளவு நீரில் நிற்பவருக்கு அது எட்டுவது கடினம். ராக்கெட் கிளம்பும் நாளில் கடலுக்குப் போகக்கூடாது என்ற அறிவிப்பு இந்தக் குப்பங்களுக்கெல்லாம் தவறாமல் வந்து சேர்கிறது. அதற்கு ஆள் இருக்கிறது, வழி இருக்கிறது. அதே வழியாக, மின்புலம் ஏறுகிற பிற்பகல்களில் கரையிலிருந்து ஒரு சைரன் ஒலிக்க ஏற்பாடு செய்ய முடியும்.